மதச் சுதந்திரமும் மூன்று எருமைகளும்

"என்ரை எருமை வழக்குக்கெண்டே அமெரிக்காப் பாதிரியார் ஒருத்தர் நூறு வருஷத்துக்கு முதல் புத்தகம் எழுதி வைச்சிட்டுப் போயிருக்கிறார்."

மாங்குளத்திலிருந்து முல்லைத்தீவுக்குப் போகும் பஸ்ஸில் பாதித் தூக்கத்திலிருந்த எனக்கு இதைக் கேட்டதும் முழு விழிப்பு வந்துவிட்டது. சொன்னவர் முன் இருக்கைக்காரர். நெற்றி நிறையத் திருநீறு, மடியில் மட்டை கிழிந்த புத்தகம். பக்கத்தில் இருந்த இளையவர் அவருடைய ஊர்க்காரர் போலிருந்தது.

"அப்பிடி என்ன எழுதியிருக்கிறார், அண்ணை?"

"ஒருத்தனையும் கட்டாயப்படுத்திச் சாமிக்கு முன்னாலை நிப்பாட்டக் கூடாதாம். மிஷன் பள்ளிக்கூட வாத்தியார் வாசிச்சு விளங்கப்படுத்தினவர்."

"அதுக்கும் எருமைக்கும் என்ன?"

"என்ரை மூண்டு எருமையும் தன்ரை நெல்லை மேய்ஞ்சு போட்டுதாம் எண்டு பக்கத்து வயல்காரன் வழக்கு வைச்சிருக்கிறான். இல்லையெண்டு வற்றாப்பளை அம்மன் வாசலிலை சத்தியம் பண்ணினால் வழக்கை விடுறானாம். நான் ஏன் பண்ணவேணும்? மதச் சுதந்திரம்!"

"அப்ப கோட்டிலையும் சத்தியம் பண்ணமாட்டியளோ?"

"கோட்டிலை எத்தினை தரமும் பண்ணுவன். நீதவான் கண்ணைக் குத்துவாரே?"

இளையவர் அவர் பக்கம் சாய்ந்தார்.

"உண்மையைச் சொல்லுங்கோ, அண்ணை. மேய்ஞ்சதுகளோ, இல்லையோ?"

வற்றாப்பளை அம்மன் கோயிலுக்குப் பாதை பிரியும் சந்தியை பஸ் நெருங்கியது. திருநீற்றுக்காரர் செருப்பைக் கழற்றிவிட்டு எழுந்து நின்றார். புத்தகத்தை இரண்டு கைகளுக்கும் நடுவில் வைத்துக் கண்ணை மூடிக் கும்பிட்டார்.

"கொஞ்சம் பொறு, தம்பி. சந்தி தாண்டட்டும், சொல்லுறன்."