ஆதிவளையப்புழு

கண்ணாடிப் புட்டி துடைக்கப் பழைய பனியன் துணியை மிஞ்சி ஒன்றும் இல்லை. புதுத் துணி நூல் விடும், காகிதம் கீறிவிடும். ஏழெட்டு வருஷம் உடம்பில் கிடந்து நைந்த பனியன்தான் கண்ணாடிக்குச் சரி. என் பனியன்கள் எல்லாம் அங்கேதான் போயின. ஒருநாள் நீயும் அந்தப் புட்டியிலேயே போய் உட்காரப்போகிறாய் என்று வீட்டுக்காரி சொல்வாள்.

ஐயா, நீங்கள் விசாரணைக்கு வந்த அன்று, கேட்டதற்கெல்லாம் ஆமாம், இல்லை என்று மட்டும் சொன்னேன். நின்றுகொண்டு நிறையப் பேச என் முழங்கால் இடம் கொடுக்காது. இப்போது உட்கார்ந்திருக்கிறேன். மெதுவாக எழுதுகிறேன், நீங்களும் மெதுவாகப் படியுங்கள்.

கடல் உயிர் ஆராய்ச்சி நிலையத்தில் எனக்கு முப்பத்து மூன்று வருஷம். படகில் வரும் ஈர மணல் வாளிகளைச் சுமந்து மாடிக்கு ஏற்றுவேன். மணலை அலசி, சல்லடையில் நின்றதைத் தட்டில் ஊற்றி, புழுக்களை ஆராயும் டாக்டரம்மா முன்னால் வைப்பேன். அவர் பெரிதாக்கிக் காட்டும் கண்ணாடிக்குள் பார்த்து ஊசி முனையால் புழுவைப் பொறுக்குவார். அது புட்டிக்குப் போகும், புட்டி அலமாரிக்குப் போகும். அப்புறம் அதில் ஸ்பிரிட் வற்றாமல் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. ஸ்பிரிட் சும்மா இருக்காது, மூடி எவ்வளவு இறுக்கமாக இருந்தாலும் கொஞ்சம் கொஞ்சமாகப் போய்விடும். போகப் போக ஊற்ற வேண்டும். இதுதான் வேலை. சொன்னால் ஒன்றுமில்லாததுபோல் இருக்கும்.

முப்பத்தெட்டு வயசுவரை எனக்கு எழுத்துத் தெரியாது. புட்டிகளை இடத்தை வைத்துத்தான் அடையாளம் வைத்திருந்தேன். சுவருக்கு வண்ணம் அடிக்க அலமாரிகளைக் காலிசெய்தபோது எல்லாவற்றையும் நானே திரும்ப அடுக்கினேன். உயரமானது பின்னால், குட்டையானது முன்னால். பார்க்க அழகாக இருந்தது. அதைச் சரிசெய்ய டாக்டரம்மாவுக்குப் பதினோரு நாள் பிடித்தது. வேறு யாராக இருந்தாலும் என்னை வெளியே தள்ளியிருப்பார்கள். அவர் திட்டவில்லை. "ஒவ்வொரு புட்டிக்கும் பேரு இருக்குப்பா. உனக்கு யாரும் அதைப் படிச்சுக் காட்டல, அவ்வளவுதான்" என்றார்.

மறுநாளிலிருந்து சாப்பாட்டுக்கு அப்புறம் அரைமணி நேரம் பாடம். புத்தகம் கிடையாது, லேபிள்தான். எல்லோரும் அம்மா, ஆடு என்று தொடங்குவார்கள். எனக்கு முதல் வார்த்தை ஆதிவளையப்புழு. எட்டு எழுத்து. அதை எழுதி முடிக்க மூன்று வாரம் ஆனது. வீட்டுச் சுவரில் கரியால் எழுதிக் காட்டினேன். "சொந்தப் பேரை எழுதுறதுக்கு முன்னாடி புழுப் பேரை எழுதின ஆளு உலகத்துலயே நீதான்யா" என்று வீட்டுக்காரி சிரித்தாள். சிரித்துவிட்டு, அதன்மேல் வெள்ளையடிக்காமல் ரொம்ப நாள் விட்டுவைத்திருந்தாள்.

அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று டாக்டரம்மா சொன்னதை அப்படியே சொல்கிறேன். மண்புழுவைப் பார்த்திருப்பீர்கள், உடம்பு முழுக்க வளையம் வளையமாக இருக்கும். கடலிலும் அந்த இனம் உண்டு, அதுதான் வளையப்புழு. அதில் பெரும்பாலானவை நல்ல வசதியோடு இருக்கும். பக்கவாட்டில் மயிர்க்கற்றை, தலையில் கொடுக்குபோல் நீட்டம், மூச்சுவிட இறகு. ஆனால் மணலுக்கு நடுவில் ஒரு சின்னக் கூட்டம், நகக்கண் அளவுகூட இருக்காது. மயிர் இல்லை, இறகு இல்லை, ஒன்றுமே இல்லை. வெறும் உடம்பு. இவைதான் முதலில் வந்திருக்க வேண்டும், மற்றவையெல்லாம் பிற்பாடு இவற்றிலிருந்து பெருகியவை என்று பெரியவர்கள் முடிவுசெய்தார்கள். அதனால் ஆதி.

எனக்கு அது பிடித்துவிட்டது. ஒன்றும் இல்லாதவன்தான் எல்லோருக்கும் முன்னால் வந்தவன். வாளி சுமக்கிறவனுக்கு அப்படி ஒரு செய்தியை யாரும் அதுவரை சொன்னதில்லை.

மூன்றாம் அலமாரி முழுக்க இந்தப் புழுதான், நானூற்றுப் பதினெட்டுப் புட்டி. பழைய லேபிள்கள் மங்கிப்போனபோது அத்தனையையும் நான்தான் புதிதாக எழுதினேன். மை காய்ந்த பிறகு ஸ்பிரிட்டில் முக்கிப் பார்த்து, கரையவில்லை என்று தெரிந்த பிறகுதான் உள்ளே போடுவேன்.

அப்புறம் டாக்டரம்மாவுக்குக் கண் நரம்பு கெட்டது. இரண்டு வருஷத்தில் முழுசாக இருட்டிவிட்டது. வேலையிலிருந்து ஓய்வு பெற்றும் நிலையத்தில் அவருக்கு ஓர் அறை கொடுத்திருந்தார்கள். கல்யாணம் செய்துகொள்ளாதவர், பின்கட்டிலேயே குடியிருந்தார். தன் புழுக்களைப் பற்றி ஒரு பெரிய புத்தகத்தை அவர் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். வெளியே இருந்து வரும் கட்டுரைகளை நான் படித்துக்காட்டுவேன். புரியாத வார்த்தையை எழுத்துக்கூட்டிச் சொன்னால் அவர் சேர்த்துக்கொள்வார். கடிதம், மின்கட்டண ரசீது, மாத்திரை அட்டை எல்லாம் என் கண்தான். ஒருநாள் தன் தங்கையிடம் தொலைபேசியில், "எனக்குக் கண்ணு போகல, ஆளு மாறியிருக்கு, அவ்வளவுதான்" என்று சொன்னார். நான் பக்கத்தில் துடைத்துக்கொண்டிருந்தேன். அன்றைக்குத் துடைத்த புட்டியையே திரும்பத் திரும்பத் துடைத்தேன்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் நிலையத்துக்குப் புது மேடம் ஒருவர் வந்தார். சின்ன வயசு, நல்ல பெண். என்னை அண்ணே என்பார், நான் வாளி தூக்கினால் அவரும் ஒரு கை பிடிப்பார். மூன்றாம் அலமாரியை வெகுநேரம் பார்த்துவிட்டு, "அண்ணே, இந்தப் பேரை இப்ப யாரும் எழுதுறதில்லை, தெரியுமா?" என்று கேட்டார்.

தெரியாது என்றேன். உட்காரவைத்து விளக்கினார். இந்தப் புழுக்கள் முதலில் வந்தவை இல்லையாம். இவற்றின் முன்னோர்களுக்கு மயிரும் இறகும் எல்லாம் இருந்ததாம். மணல் சந்துக்குள் குடிபோனதும் தேவையில்லாததை ஒவ்வொன்றாக உதறிவிட்டனவாம். அதுவும் ஒரே குடும்பம் இல்லை. வேறு வேறு குடும்பத்துப் புழுக்கள், எல்லாம் வெறும் உடம்பாக இருந்ததால் முன்பு ஒரே கூடையில் போட்டுவிட்டார்கள். "இல்லாததை வச்சு ஒரு கூட்டம் சேர்க்க முடியாதுல்லண்ணே" என்றார்.

அதன் பிறகு கட்டுரைகளில் அந்தச் செய்தி என் கண்ணில் பட ஆரம்பித்தது. 'முன்பு ஆதிவளையப்புழு எனப்பட்டவை' என்று இருக்கும். நான் 'முன்பு', 'எனப்பட்டவை' இரண்டையும் விட்டுவிட்டுப் படிப்பேன். சில கட்டுரையில் ஒரு பக்கம் முழுக்க அதுவே இருக்கும், அந்தப் பக்கத்தைப் புரட்டிவிடுவேன். டாக்டரம்மா தலையாட்டிக் கேட்டுக்கொண்டிருப்பார். வயசான காலத்தில் மனசு உடைந்துபோவாரே என்று பயம். நாற்பது வருஷம் நம்பியதை ஒரு வரியில் பிடுங்கிப்போட எனக்கு மனசு வரவில்லை. இரண்டு வருஷம் இப்படி ஓட்டினேன். சுலபமான வேலை இல்லை ஐயா. படித்துக்கொண்டே இருக்கும்போது அடுத்த வரியை முன்கூட்டிப் பார்த்துக்கொள்ள வேண்டும். படித்தவர்களுக்கே அது வராது.

புத்தகம் முடிந்தது. வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போக வேண்டும். திங்கட்கிழமை காலையில் புது மேடம் வாழ்த்துச் சொல்ல அறைக்கு வந்தார். பேச்சுவாக்கில், மூன்றாம் அத்தியாயத்தில் பழைய பேரை எப்படி விளக்கியிருக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டார். பழைய பேரா என்று டாக்டரம்மா கேட்டார். அந்தப் பெண் எல்லாவற்றையும் சொல்லிவிட்டார்.

டாக்டரம்மா அழுவார் என்று நான் தண்ணீர்ச் செம்பைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டேன். அவர் சிரித்தார். கை தட்டாத குறை. நாற்பது வருஷமாகத் தப்பாகவே சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன், சாகிறதுக்குள்ளே தெரிந்ததே என்றார். மூன்றாம் அத்தியாயத்தை அடித்துவிட்டுப் புதிதாக எழுத வேண்டும், அச்சகத்துக்கு ஒரு மாதம் தள்ளிச் சொல்லுங்கள் என்றார். அலமாரியைப் பிரித்து லேபிளையெல்லாம் கிழித்துப் போட்டுவிடலாம் என்றார். ஏதோ பிறந்தநாளுக்குப் பலூன் வாங்கச் சொல்கிற குரலில் சொன்னார்.

பிறகுதான் என் பக்கம் திரும்பினார். "நீ படிச்ச கட்டுரையில எல்லாம் இது இருந்திருக்குமேப்பா. ஏன் எனக்குச் சொல்லல?"

"கண்ணுல படலம்மா" என்றேன்.

அவர் கையை நீட்டி என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார். குரலில் கோபமே இல்லை. "பாவம், உன்னை ரொம்பப் படுத்திட்டேன். உனக்கு இன்னும் எழுத்து சரியா ஓடல. நான்தான் பேராசைப்பட்டுட்டேன். இனிமே படிக்கிறது எழுதுறதெல்லாம் இந்தப் பொண்ணு பார்த்துக்கட்டும். நீ புட்டியைப் பார்த்துக்க, போதும்."

நான் சரிங்கம்மா என்று சொல்லிவிட்டு வெளியே வந்து வாளிகளைக் கழுவினேன். புது மேடம் வியாழக்கிழமையிலிருந்து உட்காருவதாக ஏற்பாடு. அச்சகத்துக்கு நான் போய்ச் சொல்லிவிடுகிறேன் என்றேன். போகவில்லை.

டாக்டரம்மாவுக்கு இரண்டு மாத்திரை. ஒன்று சத்து மாத்திரை, வேளைக்கு ஒன்றாக மூன்று. இன்னொன்று இதயத்துக்கு, காலையில் அரை மட்டும். அரைக்கு மேல் போகக்கூடாது என்று அட்டையின் பின்புறம் சிவப்பில் அச்சடித்திருக்கும். இரண்டும் ஒரே அளவு, தடவிப் பார்த்தால் வித்தியாசம் தெரியாது.

புழுவை நேராக ஸ்பிரிட்டில் போடக்கூடாது. பயந்து சுருண்டு துண்டு துண்டாக உடைந்துவிடும். முதலில் ஓர் உப்புக் கரைசலில் விட்டு அது தானாகத் தளரும்வரை காத்திருக்க வேண்டும். அவசரம் கூடாது என்று அவர்தான் சொல்லிக்கொடுத்தார். அதனால் ஒரே நாளில் செய்யவில்லை.

திங்கள் மத்தியானம் முதல் மாத்திரை கொடுக்கும்போது வழக்கம்போல், "இது எதுப்பா?" என்று கேட்டார்.

"சத்து மாத்திரைம்மா."

செவ்வாய்க்கிழமை வாந்தி எடுத்தார். நேற்றைய சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை என்றார், நானும் ஆமாம் என்றேன். போர்வையை மாற்றினேன், கஞ்சி வைத்துக் கொடுத்தேன். புது மேடம் எட்டிப் பார்த்தபோது தூங்குகிறார் என்று சொல்லி அனுப்பினேன். டாக்டரம்மா படிக்கச் சொல்லிக் கேட்டார், ஒரு கட்டுரை படித்தேன். இந்தத் தடவை ஒன்றையும் விடவில்லை, 'முன்பு' என்பதையும் சேர்த்தே படித்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு, "இன்னைக்கு நல்லா படிக்கிறியே" என்றார். அந்த ஒரு நேரம் மட்டும் கை கொஞ்சம் தயங்கியது. ஆனால் அடுத்த மாத்திரைக்கு வேளை ஆகிவிட்டிருந்தது.

புதன்கிழமை சாயங்காலம் நாற்காலியிலேயே போய்விட்டார். நான் பக்கத்தில்தான் இருந்தேன். தலையணை வைத்துத் தலையை நேராக்கினேன். வெள்ளிக்கிழமை புத்தகத்தை அச்சகத்தில் சேர்த்தேன், மூன்றாம் அத்தியாயத்தோடு. அவர் பேரும் அந்தப் பேரும் ஒன்றாக நிற்கும். பிற்பாடு யாரோ கேலி செய்யும்படி கடைசிக் காலத்தில் தடுமாறினார் என்று ஆகாமல் காப்பாற்றினேன் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவருக்காகத்தான் செய்தேன். இதில் எனக்கு என்ன கிடைத்தது, சொல்லுங்கள்.

பிறகு நீங்கள் வந்தீர்கள். மூன்று நாள் விசாரித்தீர்கள். யாரும் என்னைக் கடிந்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. புது மேடம் என் தோளைப் பிடித்துக்கொண்டு, உங்க தப்பில்லண்ணே, உங்ககிட்ட அந்தப் பொறுப்பைக் கொடுத்ததுதான் தப்பு என்று அழுதார். நிலையத்தில் எனக்கு வேலையும் போகவில்லை. விட்டார்களே என்று சும்மா கிட என்கிறாள் வீட்டுக்காரி. இருந்திருப்பேன். நேற்று அலுவலகத்தில் உங்கள் அறிக்கையின் நகலை என் கையில் கொடுத்தார்கள். கொடுத்த குமாஸ்தா, "உனக்கெதுக்குய்யா இது, நானே படிச்சுச் சொல்றேனே" என்றான். நானே படித்துக்கொள்கிறேன் என்று வாங்கிவந்தேன்.

இரண்டாம் பக்கம், கீழிருந்து நான்காவது வரி. 'போதிய எழுத்தறிவில்லாத பணியாளர், மாத்திரை அட்டையைப் பிழையாகப் படித்ததால்' என்று எழுதியிருக்கிறீர்கள்.

ஐயா, நீங்கள் வந்து என்னை அழைத்துப் போங்கள், எந்தத் தண்டனை என்றாலும் வருகிறேன். அலுத்துவிட்டது. ஆனால் அந்த வரியை அடித்துவிட்டு அழைத்துப் போங்கள். அட்டையின் முன்பக்கத்தையும் படித்தேன், பின்பக்கத்தில் சிவப்பில் இருந்ததையும் படித்தேன். ஓர் எழுத்துகூட நான் பிழையாகப் படிக்கவில்லை.