மாதம் ஒன்று இலவசம்

இப்போதெல்லாம் எதைக் கொடுத்தாலும் ஜனங்கள் இரண்டு கையையும் நீட்டுகிறார்கள். டீத்தூளுக்கு ஸ்பூன் சும்மா, சோப்புக்கு டப்பா சும்மா. எதற்காகக் கொடுக்கிறான் என்று ஒருத்தரும் கேட்பதில்லை. வரும்போது பஸ்ஸில் ஒரு பெண்பிள்ளை, பல்பொடியோடு கொடுத்தார்களாம், ஒரு பிளாஸ்டிக் கிண்ணத்தை மடியில் வைத்துச் செங்கல்பட்டு வரைக்கும் தடவிக்கொண்டே வந்தாள். எனக்குப் பார்க்கவே பிடிக்கவில்லை.

நீ எழுதும்மா. தாலுகா ஆபீஸ் வாசலில் மனு எழுத இருபது ரூபாய் என்று சொன்னார்கள். இதோ, மேஜைமேல் வைத்துவிட்டேன். பெயர் முத்துசாமி. செய்யூர் பக்கம். வயது அறுபத்தெட்டு இருக்கும். தொழில், சதாசிவம் கொல்லையில் காவல். வேர்க்கடலைக் கொல்லை. அதை ஒட்டித்தான் என் வீடு. எட்டு சென்ட் நத்தம் மனை, பட்டா என் பெயரில். எங்கள் வம்சத்தில் பட்டா பார்த்தவன் நான் ஒருத்தன்தான். அதையும் எழுதிக்கொள்.

போலீஸ் ஸ்டேஷனுக்கு முதலிலேயே போனேன். சதாசிவம் கேஸ் விஷயம் என்றேன். சொல்வதை மனுவாக எழுதிக்கொண்டு வா என்று அனுப்பிவிட்டார்கள். அதனால்தான் உன் முன்னால் உட்கார்ந்திருக்கிறேன்.

எனக்கு ஒரே மகன், சீனு. பெண்டாட்டி இல்லை, செத்துவிட்டாள். சீனு பத்தாவது வரைக்கும் படித்தவன். கோவளத்தில் யாரோ பங்களா கட்டினார்கள், அங்கே சாரத்தில் நின்று பூச்சு வேலை பார்த்தான். இரண்டாயிரத்து இரண்டில் சாரம் சரிந்தது. இடுப்புக்குக் கீழே ஒன்றும் இல்லாமல் போனது. வீட்டுக்குக் கொண்டுவந்து போட்டோம்.

பத்தாம் நாள் மேஸ்திரி தர்மராஜ் ஆட்டோவில் வந்தான். சக்கர நாற்காலி ஒன்று கொண்டுவந்தான். பாலிதீன்கூடப் பிரிக்காத புதுசு.

"இலவசம் பெரியவரே. முதலாளி குடுத்தனுப்பிச்சாரு. நீ ஒரு டப்பு தர வேணாம். குடுத்ததுக்கு அத்தாட்சி, இங்க ஒரு கைநாட்டு வையி" என்றான்.

வைத்தேன். இடது கைப் பெருவிரல். ஆறு மாதம் கழித்து நஷ்டஈடு கேட்டுப் போன இடத்தில் அந்தக் காகிதத்தை எடுத்துப் படித்தார்கள். முழுப் பணமும் பெற்றுக்கொண்டோம், இனி எந்தப் பாத்தியதையும் இல்லை என்று இருந்ததாம். சீனுவை இரண்டு பேர் தூக்கிக்கொண்டு போயிருந்தோம், அவனும் கேட்டான். அதற்கப்புறம் என்னை நைனா என்று கூப்பிடவில்லை. தண்ணி, சோறு, பக்கெட், அவ்வளவுதான் பேச்சு. நாற்காலி எங்கள் மணலில் உருளாது. கோழி அடைகிறது.

இப்போது மோசஸ் விஷயத்துக்கு வருகிறேன்.

மோசஸ் புதுப்பட்டினத்தில் வீடியோ கேம் கடை வைத்திருந்தான். முப்பத்தைந்து வயது, தொப்பை. கல்பாக்கத்தில் சம்பளம் வாங்குகிற வீட்டுப் பையன்கள்தான் அவனுக்கு வாடிக்கை. டிவியில் மாட்டி ஆடுகிற பெட்டி, அதில் போட வட்டத் தகடு. மாதம் சந்தா கட்டினால் பெட்டியை வீட்டுக்கே கொடுப்பான். அதோடு மாதம் ஒரு புது ஆட்டம் இலவசம். சந்தா கட்டும் வரைக்கும் கொடுத்த தகடெல்லாம் நீ வைத்துக்கொள்ளலாம். நிறுத்தினால் அத்தனையும் திருப்பித் தரவேண்டும். அதுதான் அவன் சட்டம். இலவசம் என்றால் எதற்குத் திருப்பிக் கேட்கிறான்? நீ படித்தவள், நீயே சொல்.

பக்கத்து வீட்டுப் பெண் வேண்டா சொல்லித்தான் சீனுவுக்கு இது தெரிந்தது. தை மாதம் மோசஸ் வந்தான். பெட்டியை மாட்டினான். சீனு படுத்தபடி விரலால் அமுக்கினான். டிவியில் ஒருத்தன் ஓடிப் பந்தை உதைத்தான். அன்றைக்குச் சீனு சிரித்தான். நான் வாசலில் நின்று கேட்டேன்.

அதிலிருந்து ஒவ்வொரு ஒன்றாம் தேதியும் காலை பதினோரு மணிக்கு வருவான். தார் ரோட்டில் டிவிஎஸ்ஸை நிறுத்திவிட்டு, கடலைக் கொல்லை வரப்பில் நடந்து வருவான். புதுத் தகடு கொடுப்பான். இரண்டு பேரும் ஒரு ஆட்டம் போடுவார்கள்.

"அண்ணாத்த, போன மாசம் குடுத்தியே, செம பேஜாரு. மூணு நாள்ல முடிஞ்சிபோச்சி."

"ஓசில வாங்கினு பேச்ச பாரு. டேய், உன் கோல்கீப்பரு இன்னா தூங்கினு கீறானா? எழுப்புடா அவன."

"நீ முதல்ல தொப்பைய நவுத்து, டிவி தெரியல."

இப்படிப் பேசிக்கொள்வார்கள். போகும்போது மோசஸ் ஒரு நோட்டை எடுப்பான். சீனு கையெழுத்துப் போடுவான்.

மாசி மாதமே கேட்டேன். "இன்னாத்துக்குக் கையெழுத்து?"

"குடுத்ததுக்கு ஒரு அத்தாட்சி பெரியவரே" என்றான்.

தர்மராஜ் சொன்ன அதே பேச்சு.

சித்திரையில் சந்தா கொடுப்பதை நிறுத்தினேன். அவன் சட்டப்படி எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போயிருக்க வேண்டும். போகவில்லை. "இருக்கறப்போ குடு, இன்னா இப்போ" என்றான். அடுத்த ஒன்றாம் தேதியும் வந்தான், அதற்கடுத்த மாதமும் வந்தான். தகடு கொடுத்தான், கையெழுத்து வாங்கினான். காசு வாங்காமல் ஒருத்தன் பத்து மைல் வண்டியில் வருகிறான் என்றால் அவன் வேறு எதற்கோ வருகிறான். கிழக்குக் கடற்கரை ரோடு போட்டதிலிருந்து எங்கள் பக்கம் சென்ட் என்ன விலை போகிறது என்று உனக்குத் தெரியும். மனையை எழுதி வாங்குகிறாயா என்று நேராகவே கேட்டேன்.

மோசஸ் சிரித்தான். "உன் வூட்ட வச்சிகினு நான் இன்னா பண்ண? பாம்பு வளக்கவா?"

சீனுவும் சேர்ந்து சிரித்தான். எனக்கு அது பெரிசில்லை. சிரிக்கட்டும்.

கொல்லைக்குக் காட்டுப்பன்றி வரும். சதாசிவம் வேலிக்கம்பிக்குக் கரண்ட் விடுவார். தப்புதான், எங்கள் பக்கம் பலபேர் செய்கிறார்கள். சாயந்திரம் ஆறு மணிக்குப் போட்டு விடிகாலை அணைப்பது என் வேலை. சுவிட்ச் மோட்டார் கொட்டாயில் இருக்கிறது. பகலில் கரண்ட் இருக்காது என்று ஊருக்கே தெரியும். அதனால் பகலில் வரப்பில் வருகிறவர்கள் கம்பியைக் கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு தாண்டி வருவார்கள். பொம்பளைகள், பிள்ளைகள், எல்லோரும் அப்படித்தான். மோசஸும் அப்படித்தான். தொப்பை இருப்பதால் அவன் இரண்டு கையாலும் பிடிப்பான்.

ஆகஸ்ட் ஒன்றாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை. முந்தின நாள் நல்ல மழை. வேண்டா வரப்பில் வந்துவிடக் கூடாது என்று காலையிலேயே அவளைச் செய்யூருக்கு மண்ணெண்ணெய் வாங்க அனுப்பினேன். களை எடுக்கிறவர்களுக்கு அன்றைக்கு வேலை இல்லை என்று சொல்லியிருந்தேன். நான் யாருக்கும் கெடுதல் நினைக்கிறவன் இல்லை.

டிவிஎஸ் சத்தம் கேட்டது. கொட்டாய்க்குப் போனேன். போட்டேன்.

அவன் கத்தவில்லை. கொஞ்ச நேரம் நின்று பார்த்தேன். பிறகு அணைத்தேன். பக்கத்தில் போனபோது பை கீழே கிடந்தது. நோட்டை எடுத்துப் பார்த்தேன். எனக்கு எழுத்துத் தெரியாது. திரும்பப் பையிலேயே வைத்துவிட்டேன். அடுத்தவன் பொருள் எனக்கு எதற்கு?

ஏன் நிறுத்திவிட்டாய்? எழுது.

போலீஸ் வந்தது. ராத்திரி போட்டதை அணைத்தாயா என்று கேட்டார்கள். அன்றைக்குக் காலை முதலாளியே அணைக்கிறேன் என்று சொன்னார், மறந்திருப்பார் என்றேன். சதாசிவத்தைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அவருக்குப் பணம் இருக்கிறது, வக்கீல் இருக்கிறார், வெளியே வந்துவிடுவார் என்று நினைத்தேன். இன்னும் வரவில்லை.

பத்தாம் நாள் மோசஸ் பெண்டாட்டி மேரி வந்தாள். கடையை மூடுகிறாளாம். பெட்டியையும் தகடுகளையும் எடுத்துக்கொண்டு போக வந்திருந்தாள். நான் சொன்னேன் அல்லவா? இலவசம் என்று கொடுத்ததை எல்லாம் எண்ணி எடுத்துக்கொண்டு போனாள். கையில் அந்த நோட்டு இருந்தது. படிக்கச் சொன்னேன்.

"ஜனவரி, பந்து ஆட்டம், சீனு. பிப்ரவரி, கார் ரேசு, சீனு. மார்ச்சி, சண்ட, சீனு" என்று படித்துக்கொண்டே போனாள். ஜூலையோடு நின்றது.

"வேற ஒண்ணும் எழுதலியா?"

"வேற இன்னா எழுதணும் பெரியவரே? எது யாருகிட்ட கீதுன்னு தெரியணும்ல. அதுக்குத்தான் இது."

வேறு நோட்டு ஒன்று இருக்கலாம். கடையில் வைத்திருப்பான். அதை யார் பார்த்தார்கள்?

போகும்போது ஒரு தகட்டை மட்டும் சீனு கையில் கொடுத்தாள். "அன்னிக்கி உனக்குன்னு எடுத்தாந்தது. நீயே வச்சிக்கப்பா" என்றாள். பெட்டி இல்லாமல் அதை வைத்து என்ன செய்வது? சீனு அதன் பளபளப்பான பக்கத்தைத் திருப்பி முகம் பார்த்துக்கொண்டு படுத்திருந்தான். எதற்காக அதை மட்டும் விட்டுவிட்டுப் போனாள் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

அன்றைக்குத்தான் சீனு வாயைத் திறந்தான்.

"நைனா" என்றான்.

இரண்டு வருடம் கழித்து. கையில் சோற்றுத் தட்டு இருந்தது, கீழே வைத்தேன்.

"நம்ம வூட்டுக்கு லைனு மோட்டார் கொட்டாயிலேர்ந்துதான வருது. தெனம் ஆறு மணிக்கு நீ வேலிக்குப் போட்டா இங்க டிவி ஒருவாட்டி ஆடும். அணைச்சா இன்னொருவாட்டி ஆடும். அன்னிக்கி நான் ஆடிகினு இருந்தேன். பதினோரு மணிக்கு ஆடிச்சி. பந்தாட்டத்துல ஒரு ஹாஃப் முடியற நேரம் போச்சி. அப்பால இன்னொருவாட்டி ஆடிச்சி."

நான் தட்டைச் சுவரோரம் நகர்த்தினேன்.

"எதுக்கு நைனா?"

"மனைக்கு" என்றேன்.

சீனு முகத்தைக் கூரைப் பக்கம் திருப்பிக்கொண்டான். பிறகு மெதுவாகச் சொன்னான். "நீ போயி எழுதிக் குடு. சதாசிவம் மேல தப்பு இல்லன்னு எழுது. எனக்காக அன்னிக்கி ஒரு விரல் வச்சியே, அதே விரல வையி. அந்தக் காயிதத்த எங்கிட்ட எடுத்துகினு வா, நான் படிக்கணும். அப்பால நான் சோறு துன்றேன்."

நாலு நாள் ஆகிறது. தண்ணீர் மட்டும் குடிக்கிறான். வேண்டா கஞ்சி வைத்துக் கெஞ்சிப் பார்த்தாள், வாயை மூடிக்கொண்டான். நேற்று அவனைத் திருப்பிப் படுக்கவைத்தபோது கை கனமே இல்லை. என் மகன் எனக்கு வேண்டும். அவன் ஒருத்தனுக்காகத்தான் எல்லாமே செய்தேன். அந்த மனையும் அவனுக்குத்தான். அதனால்தான் விடிந்ததும் பஸ் ஏறினேன். மோசஸைக் கொன்றது நான். சுவிட்சைப் போட்டதும் நான்தான், போலீஸில் பொய் சொன்னதும் நான்தான். சதாசிவத்துக்கு ஒன்றும் தெரியாது. எழுதிவிட்டாயா? ஒரு தடவை படி.

சரியாகத்தான் படிக்கிறாய். நான் சொன்ன மாதிரியே இருக்கிறது.

ரூபாயை எதற்கு என் பக்கம் தள்ளுகிறாய்?

இதற்குக் காசு வாங்கமாட்டாயா? ஏன்? காலையிலிருந்து எனக்கு முன்னால் வந்த ஐந்து பேரிடம் வாங்கினாய், பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். இரண்டு தாள் எழுதியிருக்கிறாய், கை வலிக்க எழுதியிருக்கிறாய். உனக்கும் வீட்டில் வயிறு இருக்குமே. என்னிடம் மட்டும் எதற்கு வேண்டாம் என்கிறாய்? அழுதுகொண்டு சொன்னால் நம்பிவிடுவேனா? தர்மராஜும் அன்றைக்குக் கண்ணைத் துடைத்துக்கொண்டுதான் வந்தான்.

மை டப்பாவை மூடு. எனக்கு வேண்டாம்.

நீ படித்தது நான் சொன்னதுதான். ஆனால் தாளில் இருப்பதும் அதுதானா என்று எனக்கு எப்படித் தெரியும்? எட்டு சென்டைப் பற்றி முதலிலேயே உன்னிடம் சொல்லித் தொலைத்தேன். இன்னொரு தடவை இருபது ரூபாயை உன் பக்கம் தள்ளுகிறேன், எடுத்துக்கொள். எடுக்கமாட்டாயா? சரி. விரலை ஒரு தடவை கொடுத்துப் பார்த்தவன் நான். தாளை நீயே வைத்துக்கொள்.

எழுந்துகொள்கிறேன். செய்யூர் பஸ் பன்னிரண்டே காலுக்கு. இதைவிட்டால் மூன்று மணி. கையைப் பிடிக்காதே, வழியை விடு.

சீனுவிடம் போய்ச் சொன்னேன் என்று சொல்வேன். சொன்னது நிஜம்தானே. காகிதம் எங்கே என்பான். நாளைக்கு வரும் என்பேன். பசி எடுத்தால் தின்பான்.

வழியெல்லாம் யோசித்துக்கொண்டுதான் வந்தேன், இன்னும் பிடிபடவில்லை. இரண்டு வருடம் கூப்பிடாதவன் அன்றைக்கு எதற்காக நைனா என்று கூப்பிட்டான்? சும்மா யாரும் கூப்பிடமாட்டார்கள்.