பதினொரு செக்கன்

அந்த நீலக் கதிரையை விட்டுவிட்டு வேறு எதிலாவது இருங்கள், மிஸ். பிளேன்டீக்குச் சீனி போடலாம்தானே? சிறுவர் உத்தியோகத்தர் வருகிறார் என்றதும் கண்ணாடி போட்டு நரைத்துப்போன ஒருவரைத்தான் எதிர்பார்த்தேன். நீங்கள் இன்னும் கலியாணம் முடிக்கவில்லைபோல. பரவாயில்லை, அதைப் பிறகு கேட்கிறேன்.

கண்டக்குழியில் எங்கள் ஒழுங்கைக்கு முதன்முதலில் டிஷ் வந்தது இந்த வீட்டுக்குத்தான். மஃரிப் தொழுத கையோடு பெண்கள் எல்லோரும் இங்கே வந்துவிடுவார்கள். அவர்களுக்காகவே பதினாறு பிளாஸ்டிக் கதிரை வாங்கினேன். பேருக்குத்தான் நாடகம். விளம்பரம் போகிற நேரத்தில் ஒழுங்கைக் கதையை நான் சொல்வேன். நாடகம் திரும்பத் தொடங்கினாலும், "டீவிச் சத்தத்தக் கொறைங்க ராத்தா, மிச்சத்தச் சொல்லுங்க" என்பார்கள். நாடகக்காரி பாவம், சத்தமில்லாமல் அழுதுகொண்டிருப்பாள்.

பிறகு ஆளுக்கொரு போன் வந்தது. அதே நாடகத்தை ஒருத்தி குசினியில் பார்த்தாள், இன்னொருத்தி கட்டிலில் படுத்துக்கொண்டு பார்த்தாள். போனில் விளம்பரத்தைத் தள்ளிவிடலாமாம். நான் இருந்தது விளம்பரத்துக்குள்தானே, மிஸ்.

கடைசிவரை வந்தவள் பக்கத்து வீட்டு றிஷ்னாதான். அந்த நீலக் கதிரையில் காலை மடக்கிக்கொண்டு இருப்பாள். அவளைக் கட்டிய மாப்பிள்ளை றிஸ்மின் கடல் தொழில். தோணியின் முன்பக்கத்து அணியத்தில் ஏறி, சாரனை மடித்துக் கட்டிக்கொண்டு ஆடி, அதை வீடியோவாகப் போடுவான். வலை இழுக்கிறவன் ஆடுவதைப் பார்க்க எங்கெங்கோ எல்லாம் ஆள் இருந்தது. அந்தச் சந்தோசத்தில் அவளுக்கும் ஒரு போன் வாங்கிக் கொடுத்தான். அடுத்த நாள் கதிரை காலி. கேட்டதற்கு, "எல்லாம் நெட்டுல வருது ராத்தா, நீங்களும் ஒண்டு வாங்குங்களேன்" என்றாள். நல்ல மனசோடுதான் சொன்னாள்.

நானும் வாங்கினேன். 'வேலிக்கு மேலால்' என்று ஒரு பக்கம் தொடங்கினேன். பேரும் இல்லை, முகமும் இல்லை. ஒழுங்கைக் கதை மட்டும். முப்பது பேர் பார்த்தார்கள். அதில் பாதிப்பேர் தங்கள் வீட்டுக் கதை வருகிறதா என்று பயந்து பார்த்தவர்கள்.

கச்சான் காற்றில் றிஸ்மினின் தோணி கவிழ்ந்தது. மூன்றாம் நாள்தான் அவனுடைய மையத்துக் கிடைத்தது. றிஷ்னா இத்தாவில் இருந்தாள். உங்களுக்குத் தெரியும்தானே, மாப்பிள்ளை செத்தால் நாலு மாதம் பத்து நாள், வெள்ளை உடுப்பு, அந்நிய ஆண்கள் கண்ணில் படக்கூடாது. அந்த அறைக்குள் போய்வந்தது அவளுடைய சாச்சி மகள் நஸ்லியாவும் நானும்தான். பகல் சோறு என்னுடைய பொறுப்பு. ஒரு நாளும் தவறவிடவில்லை, அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

இரண்டாம் மாதம் ஒரு பகல். சோற்றுப் பெட்டியை மேசையில் வைத்துவிட்டு வெளியே வந்தேன். அவளுடைய மகள் ஹிக்மா, நாலு வயசு, இரண்டு நாளாக ஒன்றும் தின்னவில்லை. வாப்பா ஆடினால்தான் தின்பாளாம். உள்ளே சிரிப்புச் சத்தம் கேட்டுக் கதவுச் சீலையை விலக்கிப் பார்த்தேன். றிஷ்னா ஒரு கையில் சோற்று உருண்டையோடு, மற்றக் கையால் வெள்ளை உடுப்பைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்து, அவன் அணியத்தில் ஆடிய அதே ஆட்டத்தை ஆடினாள். பிள்ளை சிரித்து வாயைத் திறந்தது. இவளும் சிரித்தாள். கன்னமெல்லாம் கண்ணீர்.

போனில் இரண்டு நிமிஷம் வீடியோ எடுத்தேன். ஆனால் இரண்டு நிமிஷத்தை இந்தக் காலத்தில் யார் பார்க்கிறார்கள்? வெட்டத்தான் வேண்டும். பிள்ளையை வெட்டினேன். சோறு தெரிகிற இடத்தை வெட்டினேன். கண்ணீர் தெரிகிற இடத்தையும். பதினொரு செக்கன் மிஞ்சியது. சத்தத்தை எடுத்துவிட்டு ஒரு பாட்டைப் போட்டு, "இத்தாவில் யாருக்காக இந்த ஆட்டம்?" என்று எழுதி என் பக்கத்தில் போட்டேன். கேள்விதான் கேட்டேன், மிஸ். ஒருவரையும் ஒன்றும் சொல்லவில்லை.

மறுநாள் அஸர் தொழுகைக்கு முன்னால் நாற்பதாயிரம் பேர் பார்த்துவிட்டார்கள். மதுரங்குளியில் இருந்து றிஷ்னாவின் மாமியார் சாரா உம்மா வேன் பிடித்து வந்து இறங்கினார்.

"என்ட மகன் மண்ணுக்குள்ள, நீ இஞ்ச ஆடுறியா?"

"புள்ளைக்குச் சோறு தீத்தினன் மாமி."

"வீடியோவுல புள்ளை எங்க? சோறு எங்க?"

அதற்கான பதில் என்னிடம் இருந்தது. என்னை ஒருவரும் கேட்கவில்லை.

பிள்ளையையும் அவளுடைய போனையும் எடுத்துக்கொண்டு போனார்கள். றிஷ்னா வாசல்படிவரை ஓடி வந்தாள். ஒழுங்கை நிறைய ஆண்கள். படியில் நின்றுவிட்டாள். அன்றையிலிருந்து அவளுடைய பேச்சும் நின்றுபோனது.

எடுத்தது ஒரு பெண்தான் என்று பள்ளிவாசல் நிர்வாகத்துக்கும் விளங்கியது. என்னிடம் கேட்டார்கள். நஸ்லியாவின் போனில் கெமரா நல்லது என்று மட்டும் சொன்னேன். அது பொய்யில்லை, நல்ல கெமராதான். அவளை அந்த வாசலில் ஏற விடாமல் செய்தார்கள். இப்போது இரண்டு நேரச் சோறும் நான்தான். நாற்பதாயிரம் பேர் பார்த்தும், வீடியோவில் மேசைமேல் என் சிவப்பு மூடிப் பெட்டி இருப்பதைக் கண்டு என்னைத் தேடி வந்தது நீங்கள் ஒருத்திதான். மற்றவர்கள் மேசையையா பார்த்தார்கள்?

முழு வீடியோ இருந்தால் பிள்ளையை உம்மாவிடம் திருப்பிக் கொடுக்கலாம் என்கிறீர்கள். மதுரங்குளியில் அது வாய் திறக்காமல் கிடக்கிறதாம், இரண்டு தரம் சேலைன் ஏற்றினார்களாம். எனக்கும் கவலைதான். வீடியோ இருக்கிறது, மிஸ். இந்த இரண்டு மாதமும் இந்தப் போனில்தான் இருக்கிறது. அழித்துப்போடுகிற அளவுக்கு நான் கெட்டவள் இல்லை.

ஏன் காட்டவில்லை என்றால், அன்றைக்கே காட்டியிருந்தால் கதை அன்றைக்கே முடிந்திருக்கும். வீடியோ போட்ட மறுநாள் மஃரிபுக்குப் பிறகு வாசலில் செருப்புச் சத்தம். ஐந்து பேர். அதற்கடுத்த நாள் பத்துப் பேர். "நெட்டுல கொஞ்சந்தான் இரிக்கி ராத்தா, மிச்சத்தச் சொல்லுங்க" என்றார்கள். இப்போது ஒவ்வொரு பின்னேரமும் பதினைந்து கதிரையும் நிறைந்துவிடும். டீவியைப் போடுகிறதே இல்லை.

நீங்கள்தான் பெட்டியைக் கண்டுவிட்டீர்களே, இனி மறைத்து என்ன? இந்தாங்க, போனை எடுத்துக்கொள்ளுங்கள். எழுதியதையும் தாருங்கள், கையெழுத்து வைக்கிறேன்.

பதினாறாவது இந்த நீலக் கதிரை. இதில் நான் ஒருவரையும் இருக்க விடுவதில்லை. இத்தா முடிய இன்னும் பத்தொன்பது நாள்தான் இருக்கிறது. முடிந்ததும் றிஷ்னா வந்துவிடுவாள். அவளிடம் இப்போது போனும் இல்லை, பிள்ளையும் இல்லை. பின்னேரத்தில் அவள் வேறு எங்கே போகப்போகிறாள், சொல்லுங்கள்?