ஐம்பதாவது கையெழுத்து

என்ர கையெழுத்து வடிவெண்டு சின்னனில இருந்தே எல்லாரும் சொல்லுவினம். அதால மற்ற ஆக்களின்ர கையெழுத்தை உத்துப் பாக்கிறது எனக்கொரு பழக்கம். தொண்ணூற்றாறில எங்கட யூனிவேர்சிற்றி மாணவர் சங்கத் தேர்தலுக்கு என்னைத் தேர்தல் அதிகாரியாப் போட்டதும் அந்தக் கவனத்துக்காகத்தான்.

நிலாணி தலைவர் பதவிக்குக் கேட்டா. ஒரு தமிழ்ப் பிள்ளை கேட்டது அதுதான் முதல் தரம். சத்தியமா எனக்குப் பெருமைதான். மனுவில ஐம்பது மாணவற்ற கையெழுத்து வேணும். கடைசி நாள் நாப்பத்தொன்பதோட ஓடி வந்தா. கூட வந்த கிருபன் என்ர மேசையில வைச்சே ஐம்பதாவதைப் போட்டான். அவை ரெண்டு பேரும் ஒவ்வொரு நாளும் ஒண்டாக் கோப்பி குடிக்கிறவை. அது எனக்குத் தேவையில்லாத கதை.

மாணவர் அட்டையில இருக்கிற மாதிரியே கையெழுத்து இருக்கவேணும் எண்டது விதி. கிருபன்ர அட்டையில இங்கிலீசில 'கிருபன்'. மனுவில தமிழில 'ம. றொய்சன்'. நிலாணி ஆறு வயசில இந்த நாட்டுக்கு வந்தவ, தமிழ் வாசிக்கமாட்டா. அந்த ஒபிஸில வாசிக்கத் தெரிஞ்சவன் நான் ஒருத்தன்தான். கையெழுத்து ஒத்துவரேல்லை எண்டு எழுதி மனுவைத் தள்ளினன்.

ரதி அன்ரியும் நானும் ஒரே பில்டிங். அவவின்ர சொந்த மகன், உண்மையான கிருபன், ஊரில ஷெல் பட்டுச் செத்தவன். அவனை இஞ்ச கூப்பிடுற ஸ்பொன்சர் பேப்பர் வந்து கிடந்தது. அந்தப் பேப்பரில பக்கத்து வீட்டு றொய்சனை, தாய் தேப்பன் இல்லாத பெடியனை, மகன் எண்டு கூப்பிட்டா. பில்டிங் முழுக்கத் தெரியும். ஒருத்தரும் வாய் திறக்கிறேல்லை.

நிலாணி விடேல்லை, கோட்டுக்குப் போனா. அது அவன்ர தமிழ்க் கையெழுத்துத்தான் எண்டு வாதம். அப்பிடியெண்டா அதில என்ன எழுதியிருக்கு எண்டு சத்தியக் கடதாசியில எழுதித் தரச்சொல்லிச் சங்கத்து லோயர் என்னட்டைக் கேட்டார். அண்டு பின்னேரம் கிருபன் வந்து என்ர கையைப் பிடிச்சான்.

"பிரசாந் அண்ணை, வாசிக்க ஏலாத கிறுக்கல் எண்டு சொல்லுங்கோ. அம்மாவை உள்ள போட்டிடுவாங்கள்."

"சத்தியக் கடதாசியில பொய் எழுதலாமே தம்பி?" எண்டு கேட்டன். தேத்தண்ணியும் போட்டுக் குடுத்தனான்.

கோட்டில நீதவான் நான் எழுதினதைப் பாத்திட்டு, இது ஆற்ற பேர் எண்டு கிருபனைக் கேட்டார். பின்வாங்கில இருந்து ரதி அன்ரி எழும்பி, "ஐயோ, அவன் என்ர பிள்ளை, என்ர பிள்ளை" எண்டு தமிழில கத்தினா. இருக்கச் சொல்லிச்சினம். நீதவான் திருப்பிக் கேட்டார்.

"என்ர பேர்" எண்டான்.

சங்கம் வெண்டது. கதை இமிக்கிரேசனுக்குப் போய், அடுத்த சித்திரையில அவனைத் திருப்பி அனுப்பிச்சினம். கொழும்பில இறங்கினவனைப் பற்றி இண்டைவரைக்கும் ஒரு தகவலும் இல்லை. ரதி அன்ரி லிப்டில என்னைக் கண்டா இறங்கிப் படியால போறா. நான் அதைப் பெரிசா எடுக்கிறேல்லை.

ஒண்டை மட்டும் கோட்டில ஒருத்தரும் கேக்கேல்லை. கேட்டிருந்தாச் சொல்லியிருப்பன். அண்டைக்குப் பேனையை எடுத்த கிருபன், "அண்ணை, அட்டையில இருக்கிற மாதிரித்தானே?" எண்டு கேட்டவன்.

"தமிழ்ப் பிள்ளைக்கு வைக்கிறாய், தமிழில வையடா" எண்டு நான்தான் சொன்னனான்.

தமிழில அவன்ர கைக்கு ஒரு பேர்தான் வரும். தமிழ்க்கடையில படக் கசெற் வாடகைக்கு எடுக்கேக்க, அவங்கட பதிவுக் கொப்பியில யோசிக்காமல் அப்பிடி வைச்சதை நான் முந்தியே கண்டு வைச்சிருந்தன்.

நிலாணி இப்ப யூனிவேர்சிற்றி கன்ரீனில தனியத்தான் கோப்பி குடிக்கிறா. நான் ஒருநாளும் போய்க் கரைச்சல் குடுக்கிறேல்லை. பக்கத்து மேசையில பேசாமல் இருப்பன்.