இரண்டு நாள் ஓய்வு

மழை பெய்தால் வைட்ஃபீல்டில் கேப் கிடைப்பது கஷ்டம். தாமதத்துக்கு மன்னியுங்கள், மேடம். இனாயத் விஷயத்தை விசாரிக்க அணியின் முதலாளி உங்களை அனுப்பியிருக்கிறாராம். நல்லது. எனக்கும் இதைச் சுமந்து அலுத்துவிட்டது.

என் பெயர் கிளிஃபர்ட். முதலாளிக்குக் கரீபிய லீக்கில் ஒரு கிரிக்கெட் அணி இருக்கிறது. இங்கே பெங்களூரில் உட்கார்ந்து வீடியோ பார்த்து, யாருக்கு எங்கே பந்து போட வேண்டும் என்று சொல்வது என் வேலை. இனாயத்தைக் கண்டுபிடித்ததும் நான்தான். பாகிஸ்தானில் ஏதோ கிராமத்து மேட்சில் யாரோ போனில் எடுத்த வீடியோ. பெரிய வேகமில்லை, மிதவேகம்தான். ஆனால் கடைசி நேரத்தில் பந்து உள்ளே திரும்பும். கோச் சிரித்தார். நான் விடவில்லை. முதல் சீசனிலேயே அவனைத் தலையில் தூக்கிவைத்து ஆடினார்கள். கண்டெடுத்தது யார் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. பரவாயில்லை.

அவனுக்கு இங்கிலீஷ் வராது. அணியில் அவன் நாட்டுக்காரர் வேறு யாருமில்லை. நான் இந்த ஊர் நீலசந்திராவில் வளர்ந்தவன். வீட்டில் தமிழ், தெருவில் தக்னி உருது. நான் வேண்டாம் என்பதற்கு 'நக்கோ' என்றால் விழுந்து விழுந்து சிரிப்பான். கோச் சொல்வதும் டாக்டர் சொல்வதும் என் வாய்வழியாகத்தான் அவனுக்குப் போகும்.

இந்த சீசனில் ஃபைனலுக்கு முன்பு முதுகு வலிக்கிறது என்றான். ஸ்கேன் எடுத்து இங்கே அடுகோடியில் இருக்கும் அணியின் டாக்டர் வைத்தீஸ்வரனுக்கு அனுப்பினார்கள். அவருக்கு ஹிந்தி, உருது சுத்தமாக வராது. நான் அவர் பக்கத்தில், இனாயத் வீடியோ காலில்.

"கிளிஃபர்ட், தெளிவா சொல்லிடுங்க. முதுகெலும்புல விரிசல் இருக்கு. ஆறு மாசம் பந்தைத் தொடவே கூடாது. மீறிப் போட்டான்னா எலும்பு நழுவி நரம்பு போயிடும். அப்புறம் கால் வராது."

இனாயத் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். டாக்டர் என்ன சொல்கிறார், பாய் என்று கேட்டான்.

வெறும் தசைப்பிடிப்பு, இரண்டு நாள் ஓய்வு போதும் என்றேன்.

"புரிஞ்சுதா அவனுக்கு?"

"நல்லா புரிஞ்சுது சார்."

இனாயத் நெஞ்சில் கைவைத்து டாக்டருக்கு நன்றி சொன்னான். நல்ல பையன். அணிக்கு நானே தகவல் சொல்லிவிடுகிறேன் என்று டாக்டரிடம் சொன்னேன். அணியிடம், டாக்டர் ஓகே சொல்லிவிட்டார் என்றேன்.

நீங்களே யோசித்துப் பாருங்கள். ஆறு மாதம் படுத்துவிட்டால் அவனை யார் நினைவில் வைத்திருப்பார்கள்? அவன் நாட்டு அணியில் சேர்வது அவன் கனவு. அதில் மண்ணைப் போட எனக்கென்ன உரிமை?

ஃபைனலுக்கு நான்தான் பிளான் போட்டுக் கொடுத்தேன். அவர்களுடைய கேப்டனுக்கு இரண்டு பந்து வெளியே, மூன்றாவது உள்ளே. அப்படியே போட்டான். ஸ்டம்ப் பறந்தது. இங்கே விடியற்காலை, நான் ஹாலில் எழுந்து நின்று கைதட்டினேன். அருமையான திட்டம் என்று டிவியில் சொன்னார்கள். என் வேலையை யாரோ டிவியில் பாராட்டியது அதுதான் முதல் தடவை, மேடம். தன் அடுத்த ஓவரில் ஓடிவந்து பந்தை விட்டவன் அப்படியே விழுந்தான். எழவில்லை. அந்த விக்கெட்டை இப்போதும் அடிக்கடி போட்டுப் பார்ப்பேன். அடுத்த ஓவர் வருவதற்குள் நிறுத்திவிடுவேன்.

ஆமாம், தெரிந்தேதான் சொன்னேன். டாக்டர் சொன்னதில் ஒரு வார்த்தைகூட எனக்குப் புரியாமல் இல்லை. எழுதிக்கொள்ளுங்கள்.

ஆபரேஷன் முடிந்தும் இரண்டு கால்களிலும் உணர்வில்லை. அங்கேயே ஆஸ்பத்திரியில் கிடக்கிறான். நேற்று அந்த ஊர் டாக்டர் வீடியோ காலில் என்னைக் கூப்பிட்டு, இனி இவன் நடக்கமாட்டான், பக்குவமாகச் சொல்லுங்கள் என்றார். இனாயத் என் முகத்தைப் பார்த்தான். அவன் மனதை நோகடிக்க எனக்கு மனசு வரவில்லை. அடுத்த சீசன் ஆடலாம் என்கிறார் என்று சொன்னேன். எவ்வளவு சந்தோஷப்பட்டான் தெரியுமா?

நீங்கள் அவனிடமும் பேச வேண்டியிருக்கும். எப்போது என்று சொல்லுங்கள் மேடம், நானே வந்து மொழிபெயர்க்கிறேன். வேறு யாரையும் அவன் நம்பமாட்டான்.