மேட்டுத் தெருவுக்கு ஏறிய தண்ணீர்

— மறுபடியும் குழாய்ல காதை வைக்காதே. நீ கேக்குறேன்னு தண்ணி வேகமா வந்துடாது.

— நீங்க மட்டும் என்ன பண்றீங்களாம்? விடிஞ்சதிலிருந்து இந்தத் தொட்டியைச் சுத்திச் சுத்தி வர்றீங்க. கல்லே தேஞ்சிடும்.

— எதிர் மலையில வெள்ளைத் துணி ஆட்டினதை நீயும் பாத்தே இல்ல? ஊத்துத் தண்ணியை எப்பவோ திறந்துவிட்டுட்டாங்க.

— பாத்தேன், பாத்தேன். தண்ணி வழியில யாரோடயாவது பேசிக்கிட்டு நிக்குதோ என்னவோ.

— மெதுவாத்தான் விடணும்னு நான்தான் சொல்லி அனுப்பினேன். ஒரேயடியா விட்டா பள்ளத்துல இருக்கிற வளைவு தாங்காது. குழாய்க்குள்ள இருக்கிற காத்து முதல்ல வெளியேறணும், புரியுதா?

— கல்யாணம் ஆனதிலிருந்து இந்தக் குழாயைத்தானே புரிஞ்சுக்கிட்டு இருக்கேன். நீங்க சொல்றப்ப சரின்னுதான் தோணுது. நீங்க அந்தப் பக்கம் போனதும் சந்தேகம் வந்துடுது. பள்ளத்துல இறங்குன தண்ணி எதுக்குங்க மறுபடியும் மேல ஏறணும்? எனக்குன்னா இறங்கினதும் உக்காந்துடத்தான் தோணும்.

— நீ உக்காந்துடுவே. பின்னாடி ஒரு கூட்டமே நெட்டித் தள்ளினா? ஊத்து நம்ம தெருவை விட உசரத்துல இருக்கு. நடுவுல எவ்வளவு பள்ளம் இருந்தாலும் சரி, மூடின குழாய்க்குள்ள பின்னாடி வர்றது முன்னாடி போறதைத் தள்ளிக்கிட்டே இருக்கும். வேற போக்கிடம் இல்லாம அது ஏறித்தான் ஆகணும், புரியுதா?

— இதை நகரசபையில சொன்னப்போ சிரிச்சாங்களாமே.

— சிரிக்கட்டும்.

— சிரிச்சா நீங்களும் கூடச் சேர்ந்து சிரிச்சுட்டு வந்திருக்கலாம். தண்ணி ஏறலைன்னா பொண்டாட்டியைக் கூட்டிக்கிட்டு ஊரை விட்டே போயிடறேன்னு ஏன் வாயை விட்டீங்க? என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா? வரும்போது குட்டிச்சுவரா இருந்த வீடு இது. சுவர் பூசினது நான், தரை போட்டது நான். இதை விட்டுட்டு நான் எங்கயும் வரமாட்டேன், சொல்லிட்டேன்.

— அப்படிச் சொல்லலைன்னா மண்வெட்டியைத் தொடவே விட்டிருக்க மாட்டாங்க. எனக்கு மட்டும் போகணும்னு ஆசையா? உன் இடுப்புல குடம் வச்சு வச்சுக் காப்பு காச்சுப் போயிருக்கு. அந்தப் படியில நீ மூச்சு வாங்கி ஏறி வர்றதைப் பாத்துப் பாத்துத்தான் நான் இதுல இறங்கினேன்.

— இதைச் சபையில சொல்லியிருந்தா இன்னும் நல்லா சிரிச்சிருப்பாங்க.

— இங்க வந்து நில்லு. ஊரைப் பாரு. ஆத்தை ஒட்டி என்ன இருக்கு?

— மாடி வீடுங்க.

— அதுக்கு மேல?

— கடைக்காரங்க. அதுக்கு மேல கொல்லர் தெரு, தச்சர் தெரு. உச்சியில நாம. இது பச்சைக் குழந்தைக்கும் தெரியுமே.

— ஏன் அப்படின்னு யாராவது கேட்டாங்களா? இந்த ஊரைக் கட்டினது ராஜா இல்ல, கொத்தனும் இல்ல. குடம். குடத்தைத் தூக்கிக்கிட்டு எவ்வளவு தூரம் நடக்கணும்கிறதை வச்சுத்தான் ஒவ்வொரு தெருவும் வந்திருக்கு. தண்ணி யாருக்குப் பக்கமோ அவன் பெரிய மனுஷன். யாருக்குத் தூரமோ அவன் நம்ம தெருக்காரன்.

— நான் இதைப் படி ஏறும்போதெல்லாம் நினைச்சிருக்கேன். இவ்வளவு அழகாச் சொல்ல வரல, அவ்வளவுதான். வாயில வந்தது எல்லாம் வேற மாதிரி.

— அதையும் கேட்டிருக்கேன். இனிமே பாரு. தண்ணி மட்டும் வரட்டும், இந்தத் தெரு எப்படி மாறுதுன்னு. தொட்டியைச் சுத்தி மரம் வைக்கலாம். பொம்பளைங்க குளிக்க மறைவா ஒரு இடம் கட்டலாம்.

— நம்ம வீட்டுக்குப் பின்னாடி எனக்கு ஒரு தோட்டம். அதை முதல்ல சொல்லுங்க. ஏங்க, அங்க பாருங்க. பள்ளத்துல, அந்த வளைவுக்கிட்ட. மண்ணு கறுத்துக்கிட்டு வருது.

— எங்கே? ஆமா. கசியுது.

— அது நான் பூசின மூட்டு. சுண்ணாம்பும் எண்ணெயும் கலந்து, கை வெந்து போற மாதிரி நான் பிசைஞ்சு வச்சது. ஐயோ, என்னாலயே கெட்டுதா?

— பதறாதே. இவ்வளவு நீளக் குழாயில ஒரு மூட்டு கூடக் கசியலைன்னாத்தான் ஆச்சரியம். ஊத்துல தண்ணியோட சாம்பலையும் கரைச்சு விடச் சொல்லியிருக்கேன். எங்க விரிசல் இருக்கோ அங்க சாம்பல் தானாப் போய் அடைச்சுக்கும்.

— என்ன சாம்பல்?

— அடுப்புச் சாம்பல்தான். தெருவுல எல்லார் வீட்டுலயும் வாங்கினேன்.

— அதுக்குத்தான் என் அடுப்பைச் சுரண்டி எடுத்துக்கிட்டுப் போனீங்களா? பாத்திரம் தேய்க்க ஒரு பிடி இல்லாம நான் பக்கத்து வீட்டுல போய் நின்னா, அந்த வீட்டுச் சாம்பலையும் நீங்கதான் வாங்கிட்டுப் போயிருக்கீங்க.

— இப்ப பாரு. ஈரம் பரவுதா?

— இல்ல. அப்படியே நிக்குது. என் அடுப்புச் சாம்பலா அது?

— உன் அடுப்பா, பக்கத்து வீட்டு அடுப்பான்னு எனக்கு எப்படித் தெரியும்?

— என்னோடதுதான். சும்மா இருங்க, ஏதோ சத்தம்.

— என்ன சத்தம்?

— தூங்கி எழுந்து பெருமூச்சு விடற மாதிரி. நீங்களே வந்து கையை வச்சுப் பாருங்க, காத்து வருது.

— வருது. தண்ணி பின்னாடியே தள்ளிக்கிட்டு வருது. தள்ளி நில்லு.

— நின்னுடுச்சே.

— நிக்காது.

— வந்துடுச்சு. வந்துடுச்சுங்க. ஆனா இதென்ன, கன்னங்கரேல்னு சாக்கடை மாதிரி வருது?

— சாம்பல்தான். மலையில போட்ட சாம்பல் பள்ளத்துல இறங்கி, ஏறி, நம்ம வாசல்ல வந்து விழுது. இதை விட அழகா ஒண்ணை நான் பாத்ததே இல்ல.

— அழறீங்களா?

— சாம்பல் கண்ணுல பட்டுடுச்சு.

— தண்ணியில கரைஞ்ச சாம்பல் கண்ணுல எப்படிப் படும்? அழுங்க, பரவாயில்ல. எனக்கும் நெஞ்சு நிறைஞ்சு போச்சு. இறங்குன தண்ணியை ஏற வச்சிருக்கீங்களே. என் வீட்டுக்காரர்னு இந்தப் படியில நின்னு ஊருக்கே கத்திச் சொல்லணும் போல இருக்கு.

— மூட்டு பூசினது யாரு? அதையும் சேர்த்துக் கத்து.

— தெளிய ஆரம்பிச்சிடுச்சு, பாருங்க. குடிச்சுப் பாக்கவா? சில்லுனு இருக்கு. ஆத்துத் தண்ணியில வர்ற சாய வாடையே இல்ல. யாருங்க அது, படியில தவழ்ந்து வர்ற மாதிரி வர்றது?

— அட, நம்ம வீட்டுச் சொந்தக்காரர். வாங்க ஐயா, இந்தக் கல்லுல உக்காருங்க.

— இருப்பா தம்பி. மூச்சு விட்டுக்கறேன். அடேங்கப்பா, எத்தனை படி.

— கூரை ஒழுகுதுன்னு எத்தனை தடவை சொல்லி விட்டேன், அப்பல்லாம் வராதவரு.

— கோவிச்சுக்காதேம்மா. கீழ இருந்து பாத்தா தண்ணி வெயில்ல மின்னுது. மனசு கேக்கல. சும்மா சொல்லக் கூடாது தம்பி, சபையில முதல்ல சிரிச்சவன் நான்தான். இப்ப உன் கையைப் பிடிச்சு ஒத்துக்கறேன். நீ சாதாரண ஆள் இல்ல.

— குடிச்சுப் பாருங்க ஐயா.

— அடேங்கப்பா, அமிர்தம். காத்தும் எப்படி வருது பாரு. கீழ மழை பெஞ்சா ஆறு வாசப்படி ஏறிடுது, வெயில் அடிச்சா சாயத் தண்ணி நாத்தம். தண்ணிக்காகத்தான் பரம்பரையா மூக்கைப் பிடிச்சுக்கிட்டு அங்க கிடந்தோம்.

— அடுத்தது கீழயும் குழாய் போட்டுடலாம் ஐயா.

— அது எதுக்கு? இந்தச் சுவரு யார் பூசினது, இவ்வளவு வழவழன்னு?

— நான்தாங்க.

— சும்மா சொல்லக் கூடாதும்மா, அருமையான கை. என் பையன் பாத்தான்னா இடிக்க மனசு வராது. பக்கத்து வீட்டோட அப்படியே சேத்துக்கலாம்.

— இடிக்கவா? எதை ஐயா?

— பயப்படாதே தம்பி, உங்களை நடுத்தெருவுல விட்டுடுவேனா? நாங்க மேல வந்துட்டா ஆத்தோரத்து வீடு காலிதானே. அங்க பின்கட்டுல ஒரு அறை உங்களுக்கு. இந்தத் தெருவுல வீடு வச்சிருக்கிற எல்லாரும் குழாய் போடறப்பவே பேசி வச்சிட்டோம், தண்ணி ஏறினா எல்லாருமே மேல வர்றதா. ஒரு ஊரையே தூக்கி மலை மேல வச்சிருக்கே நீ.

— ஐயா, தண்ணி ஏறிட்டா இங்கயே இருக்கலாம்னுதானே நான்...

— என்னம்மா, உன் வீட்டுக்காரர் இப்படித் தொட்டியைச் சுத்தி வர ஆரம்பிச்சிட்டாரு? நீயாவது ஒரு வார்த்தை சொல்லு.

— என்னத்தைச் சொல்றதுங்க, நான் குடம் தூக்கிப் படி ஏறக் கூடாதுன்னுதான் மனுஷன் இவ்வளவு பாடுபட்டாரு, ஆசை பலிச்சிடுச்சு: இனிமே கதவைத் திறந்தா ஆறு.