உறவு என்ற கட்டத்தில் நான் எழுதிய பொய்

மாட்டுங்காவிலிருந்து மழையையும் மதியாமல் வந்து இம்மன்றத்துக்குத் தலைமை தாங்கும் ஐயா வேங்கடசுப்ரமணியன் அவர்களே! செம்பூரிலிருந்தும் வடாலாவிலிருந்தும் திரண்டு வந்திருக்கும் சான்றோர்களே! சமையலைச் சீக்கிரம் முடித்துவிட்டு முன்வரிசையைப் பிடித்திருக்கும் தாராவித் தாய்மார்களே! இருபத்தாறு ஆண்டு ஆய்வுப் பணியிலிருந்து ஓய்வு பெறும் விழா நாயகி, பேராசிரியர் ஜெயசீலி அவர்களே! உங்கள் அனைவருக்கும் இந்த ஷேக் பரீத்தின் அன்பு வணக்கம்.

நான் பாடம் படித்தவன் அல்ல, படிவம் எழுதியவன். மராட்டி தெரியாமல் வந்து இறங்கிய நம் சனங்களுக்கு நாற்பது ஆண்டு ரேஷன் ஃபாரம் நிரப்பிக் கொடுத்தவன்.

அம்மையார் அரசர்களை ஆராய்ந்தாரா? இல்லை. அரண்மனைகளை ஆராய்ந்தாரா? இல்லை. ஆண் யார், பெண் யார், யார் யாரோடு வாழலாம் என்று ஊர் போட்ட சட்டங்களின் வரலாற்றை ஆராய்ந்தார். "இதெல்லாம் ஒரு படிப்பா?" என்று கேட்டது இதே மன்றம். பத்து ஆண்டுக்கு முன் அவர் இங்கே பேச இடம் கேட்டபோது, வெள்ளையடிக்கிறோம் என்று சொல்லி அனுப்பினோம். பின்வரிசையில் சிரிப்பது யார்? அன்று சாவி வைத்திருந்தவர்தானே? நன்றாகச் சிரியுங்கள்.

நான் எழுதிய ஃபாரங்களின் நகல்கள் மூன்று டிரங்குப் பெட்டிகளில் என் வீட்டில் இருந்தன. இரண்டு ஆண்டுக்கு முன் அவற்றைத் தேடி வந்தார். பதினொரு நாள் தரையில் உட்கார்ந்து படித்தார். 'உறவு' என்ற கட்டத்தைத்தான் விடாமல் பார்த்தார். கடைசி நாள் ஒரு தாளை நீட்டினார்.

"பாய், மதீனா பீவிக்கு ஜோஸ்பின் தங்கச்சின்னு எழுதியிருக்கீங்க. அவங்க வாப்பா பேரு காதர். இவங்க அப்பா பேரு அந்தோணி. எப்படி பாய்?"

தொண்ணூற்று நான்கில் அந்த இருவரும் என் மேசை முன் நின்றார்கள். "அவ உனக்கு என்ன வேணும்?" என்று கேட்டேன்.

"எங்கூட வாழுதவ பாய். அப்படியே எழுதுங்க" என்றார் மதீனா பீவி.

எழுதினேனா? இல்லை. பெரிய உபகாரம் செய்வதாக நினைத்துக்கொண்டு 'தங்கை' என்று எழுதினேன். இன்று அதை நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

போன வருடம் மதீனா பீவி மவுத்தாகிவிட்டார். அவர்கள் இருவரும் வாழ்ந்த கட்டடத்தை இடித்து, அறைக்கு உரியவருக்குப் புது வீடு கொடுக்கப்போகிறார்கள். அறை அவர் பேரில் இருந்தது. அண்ணன் மகன் உரிமை கேட்கிறார். ஜோஸ்பின் என் ஃபாரத்தைக் காட்டினார். பொய்ச் சான்று என்று அதிகாரிகள் தள்ளிவிட்டார்கள். பொய்தான்! எழுதியவனே சொல்கிறேன், பொய்தான்! ஆனால் அந்தப் பொய்யைச் சொன்னது ஜோஸ்பின் அல்ல, நான்.

தலைவர் கடிகாரத்தைக் காட்டுகிறார். இதோ முடித்துவிடுகிறேன் ஐயா. ஜோஸ்பினிடம் கேட்டுக்கொண்டுதான் இதைப் பேசுகிறேன். "தாராளமா சொல்லுங்க பாய். அறுபத்தெட்டு வயசுல எனக்கு என்ன வெக்கம்? அந்த ரூம் போச்சுன்னா நான் எங்க போவேன்?" என்றார்.

அந்தத் தாளை ஒரு புத்தகத்தில் போட்டு அம்மையார் பேர் வாங்கியிருக்கலாம். அவரோ ஆஸ்பத்திரிச் சீட்டுகளையும் போட்டோக்களையும் தேடிச் சேர்த்து, ஜோஸ்பினுக்காக ஒரு மனு எழுதியிருக்கிறார். இருபத்தாறு ஆண்டுப் படிப்பும் அந்த மனுவில் இருக்கிறது. அதில் குறைவது ஒன்றுதான்: கண்ணால் கண்ட சாட்சி.

முப்பது ஆண்டு அவர்கள் ஒரே குடும்பமாக வாழ்ந்ததைக் கண்டவர்கள் யார்? நாம்! பெருநாளைக்கு அந்த வீட்டுப் பிரியாணியைத் தின்றவர்கள் யார்? நாம்! கிறிஸ்துமஸுக்கு அதே வீட்டு முறுக்கைத் தின்றவர்கள் யார்? நாம்! எல்லாம் தெரிந்தும் தெரியாதது போல் இருந்தவர்கள் யார்? நாமேதான்!

அம்மையார் பொன்னாடை வேண்டாம் என்று சொல்லிவிட்டார். மேடைக்குக் கீழே மேசையில் சாட்சிக் கடிதம் இருக்கிறது. உறவு என்ற இடத்தில் 'வாழ்க்கைத் துணை' என்று என் கையாலேயே எழுதி, முதல் கையெழுத்தும் போட்டுவிட்டேன். பக்கத்து நாற்காலியில் ஜோஸ்பின் உட்கார்ந்திருக்கிறார். பொறுமையோடு கேட்ட உங்களுக்கு நன்றி, வணக்கம். கையெழுத்துப் போட மனமில்லாதவர்கள், போகும்போது அவர் முகத்தை ஒருமுறை பார்த்துவிட்டுப் போங்கள்.